ரிசப்ஷன் மேசை அலங்காரத்தை விருந்தாளிகளுக்கே கொடுக்க வேண்டும், சண்டை வராமல் எப்படி?

காட்பாடி_அக்கா

எல்லோருக்கும் வணக்கம். தங்கைக்கு ஆவணியில் கல்யாணம். ஆடி முடியும் வரை பத்திரிகை வைக்க அம்மா விடமாட்டார்கள். அதனால் வீட்டில் உட்கார்ந்து இந்த மாதிரி சில்லறை விஷயங்களை எல்லாம் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

முதல் நாள் மாலை ரிசப்ஷன், மறுநாள் காலை முகூர்த்தம். மண்டபம் காட்பாடியில்தான். சாப்பாடு மாடியில், வழக்கமான பந்தி. கீழே மேடைக்கு எதிரில் வட்ட மேசை 20, மேசைக்கு 8 நாற்காலி. ஜூஸ், போண்டா, பாட்டுக் கச்சேரி எல்லாம் அங்கே. ஒவ்வொரு மேசை நடுவிலும் கரிகிரிப் பக்கம் வாங்கிய மண் சட்டியில் ஒரு செடி, சுற்றிக் கொஞ்சம் சாமந்தி. இதெல்லாம் எங்கள் சொந்தக் காசில் வாங்கியது. விழா முடிந்ததும் வந்தவர்களே கொண்டுபோகட்டும் என்று தங்கைக்கு ஆசை.

பயம் எங்கே வருகிறது என்றால், போன வருஷம் பெரியம்மா மகன் கல்யாணம். வாடகைக்கு எடுத்த 30 கண்ணாடி ஜாடி மேசைகளில் இருந்தது. ஒரு அம்மா முதல் ஜாடியைத் தூக்கி இடுப்பில் வைத்தார், அவ்வளவுதான். காலையில் எண்ணினால் 16. மீதி 14 ஜாடிக்கு, ஜாடி 350 என்று 4,900 ரூபாய் கட்டினோம். அதில் ஒன்று இன்றைக்கும் என் சொந்தச் சித்தி வீட்டு டிவி ஸ்டாண்டில் இருக்கிறது. கேட்கவா முடியும்?

எனக்கு வேண்டியது இதுதான்: கொடுப்பது விளையாட்டு மாதிரி இருக்க வேண்டும், கிடைக்காதவர் முகம் வாடக் கூடாது, மைக்கில் அறிவித்ததும் கூட்டம் பாயக் கூடாது. வருகிறவர்கள் அறுநூறு பேர், சட்டி இருபது. சொல்லுங்கள்.

வெயிலூரான்

முதலில் சித்தி வீட்டு டிவி ஸ்டாண்டைப் படம் எடுத்துப் போடுங்க.

சரி, விளையாட்டை விடுவோம். ஒரு வீடியோவில் பார்த்தேன். மேசைக்கு ஒரு நாற்காலியின் அடியில் ஸ்டிக்கர் ஒட்டிவிடுகிறார்கள். கடைசியில் எல்லோரும் எழுந்து நாற்காலியைக் கவிழ்த்துப் பார்க்க வேண்டும். ஸ்டிக்கர் யாருக்கோ அலங்காரம் அவருக்கு. சுலபம்.

டெக்கரேஷன்_தம்பி

அக்கா, ஒன்பது வருஷமாக இந்த வேலையில் இருக்கிறேன். வேலூர், ராணிப்பேட்டைப் பக்கம்தான் அதிகம். அந்த ஸ்டிக்கரை இரண்டு கல்யாணத்தில் ஒட்டிப் பார்த்து நொந்துபோனவன் நான்.

அது உட்கார்ந்த இடத்துக்கே சாப்பாடு வரும் விருந்துக்கு ஆனது. அங்கே ஆளுக்கு ஒரு நாற்காலி, ராத்திரி முழுக்க அதே நாற்காலி. நம் ரிசப்ஷனில் யார் அப்படி உட்காருகிறார்கள்? வந்ததும் ஒரு நாற்காலி. மொய்க் கவரோடு மேடை வரிசையில் நின்றுவிட்டு வந்தால் வேறு நாற்காலி. மாடியில் சாப்பிட்டுவிட்டுத் திரும்பினால் அதுவும் போயிருக்கும். பாதிப் பேர் சாப்பிட்டதும் படியிறங்கி நேரே செருப்பைத் தேடுகிறவர்கள். ஏழரைக்கு ஸ்டிக்கர் மேல் உட்கார்ந்தவர் எட்டரைக்குக் காட்பாடி மேம்பாலத்தில் இருப்பார். போதாததற்கு மண்டபத்துப் பையன்கள் கூட்டத்தைப் பார்த்து நாற்காலியை இங்கேயும் அங்கேயும் இழுத்துப் போடுவார்கள். ஒரு கல்யாணத்தில் மூன்று ஸ்டிக்கர் நாற்காலியும் ஒரே மேசைக்கு வந்துவிட்டன. மூன்று பேர் ஒரே பூந்தொட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். போட்டோகிராபர் அதையும் எடுத்து ஆல்பத்தில் வைத்துவிட்டார்.

இன்னொன்று. எது உங்களுடையது, எது வாடகை என்று அட்வான்ஸ் கொடுக்கும்போதே பேசிவிடுங்கள். துணி, தாங்கி, கண்ணாடி இதெல்லாம் வாடகையாகத்தான் இருக்கும். எங்கள் தொழிலில் நிறைய பேர் வாடகைச் சாமானின் அடியில் பெயின்ட்டில் ஒரு புள்ளி வைப்போம். நாங்கள் சிவப்பு. ராத்திரி இரண்டு மணிக்குத் தூக்கக் கலக்கத்தில் எண்ணும்போது அந்தப் புள்ளிதான் கண். கொடுக்கிற சட்டியில் மட்டும் நீங்கள் மஞ்சள் நூலில் ஒரு சீட்டு கட்டிவிடுங்கள். சீட்டு இருந்தால் போகலாம், இல்லாவிட்டால் இருக்க வேண்டும் என்று பையன்களிடமும் சொல்லிவையுங்கள்.

மெழுகுவத்தி வைக்கலாமா என்று அடுத்து கேட்பீர்கள். வேண்டாம். நம் ஊர்ப் புழுக்கத்துக்கு ராத்திரி எட்டு மணிக்கும் எல்லா ஃபேனும் ஓடும், ஒரு திரியும் நிற்காது. ஃபேனை நிறுத்தினால் விருந்தாளி நிற்கமாட்டார்.

பாகாயம்_டீச்சர்

தம்பி சொல்வது சரி, ஆனால் எல்லாக் கல்யாணமும் அப்படி இல்லை. எங்கள் வீட்டுக் கல்யாணம் சர்ச்சில். ஆராதனை முடிந்து ஹாலுக்கு வந்தால் கேக் வெட்டுவது, வாழ்த்துரை, ஜெபம் என்று ஒன்றரை மணி நேரம் எல்லோரும் உட்கார்ந்துதான் ஆக வேண்டும். அங்கே மேசை விளையாட்டு நன்றாகவே எடுபடும்.

மகன் கல்யாணத்தில் மருமகளின் தோழிகள் ஒரு யோசனை செய்தார்கள். இன்றைய தேதிக்கு யாருடைய பிறந்தநாள் மிகவும் பக்கத்தில் வருகிறதோ மேசைப் பூ அவருக்கு. கல்யாணம் மே கடைசியில். எங்கள் மேசையில் என் வீட்டுக்காரருக்கு ஜூன் 1. அவருடைய அண்ணனுக்கு ஜூன் 1. அத்தைக்கு ஜூன் 1. தபால் ஆபீசில் ரிட்டயர் ஆன மாமாவுக்கு ஜூன் 2, அவர் வெறுத்துப்போனார். பக்கத்து மேசையிலும் இதே கதை. எல்லாம் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது ஹெட்மாஸ்டர் போட்ட தேதி!

கடைசியில், நிஜப் பிறந்தநாளைச் சொல்பவருக்குப் பூ என்று மாற்றினோம். அத்தை எழுந்து, "புயலடிச்ச வருஷம், கார்த்திகை மாசம், எங்க வெள்ளை மாடு கன்னு போட்ட மறுநாள்" என்றார். மறுபேச்சில்லாமல் அவருக்கே கொடுத்துவிட்டோம்.

வாலாஜா_வாத்தியார்

அந்த ஹெட்மாஸ்டர்களில் அடியேனும் ஒருவன், மன்னிக்க வேண்டும். ஜூனில் பள்ளி திறக்கும், ஐந்து வயது முடிந்திருக்க வேண்டும். பிள்ளையைத் தோளில் தூக்கி வந்த அப்பாவுக்குத் தேதி தெரியாது, என் கையில் பேனா இருந்தது. என்ன செய்வது?

பிறந்த தேதிக்குப் பதிலாக நட்சத்திரம் கேளுங்கள். அது பெரும்பாலான வீட்டில் சரியாகத் தெரியும். அன்றைக்கு அஸ்தம் என்று வைத்துக்கொள்வோம். மேசையில் அஸ்தம் இருந்தால் அவருக்கு. இல்லாவிட்டால் சித்திரை, அதுவும் இல்லாவிட்டால் சுவாதி, விசாகம், அனுஷம் என்று வரிசையாகக் கூப்பிட்டுக்கொண்டே போகலாம். முதலில் கை தூக்குபவருக்குச் சட்டி. 27-க்குள் யாராவது வந்துதானே ஆக வேண்டும்?

மாப்பிள்ளை எந்த ஊர் என்று சொன்னால் வினாடி வினாவும் போடலாம்.

காட்பாடி_அக்கா

ஆரணி சார்.

வாலாஜா_வாத்தியார்

ஆகா, பெண் வீடும் மாப்பிள்ளை வீடும் கலந்து உட்கார்ந்த மேசையில் இதைக் கேளுங்கள். வேலூரும் ஆரணியும் ஒரே மாவட்டமாக இருந்தது எந்த வருஷம் வரை? விடை 1989. அந்த வருஷம்தான் வட ஆற்காடு இரண்டாகப் பிரிந்து ஆரணி திருவண்ணாமலைப் பக்கம் போனது. வேலூர்க் கோட்டைக்குள் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தது எப்போது? 1806 ஜூலை 10. ஜலகண்டேஸ்வரர் சத்துவாச்சாரியிலிருந்து கோட்டைக் கோயிலுக்குத் திரும்பியது? 1981. தமிழ்நாட்டின் மிகப் பழைய நகராட்சிகளில் ஒன்று, 1866-இல் வந்தது, எந்த ஊர்? அதை நானே சொல்வது அழகில்லை.

குடியாத்தம்_தீக்குச்சி

சார், இது கல்யாணமா, டிஎன்பிஎஸ்சி குரூப் 4-ஆ? சட்டியை ஜெயிப்பதற்குள் போண்டா ஆறிவிடும்.

கேட்பதானால் விடுகதை கேளுங்கள், பாட்டியும் சொல்லும், பேத்தியும் சொல்லும். "ஊரெல்லாம் சுற்றுவான், வீட்டுக்குள் வரமாட்டான்": செருப்பு. "ஆயிரம் தச்சர் கூடி அழகான மண்டபம் கட்டி, ஒருவன் கண்பட்டு உடைந்ததாம் மண்டபம்": தேன்கூடு. கல்யாண மண்டபத்தில் இதைச் சொல்ல வேண்டாம், கண்பட்டு உடைந்தது என்றதும் யாராவது பெரியவர் எழுந்துவிடுவார். எங்கள் ஊர்ச் சரக்கு ஒன்று: "வெள்ளைக்காரனுக்குக் கறுப்புத் தொப்பி". என் பெயரைப் பார்த்தால் விடை தெரியும்.

கோட்டை_அகழி

சட்டி, செடி எல்லாம் பழசு. சின்னக் கண்ணாடிக் கிண்ணத்தில் தண்ணீர் ஊற்றி இரண்டு தங்கமீன் விடுங்க. மேசையும் அழகு, குழந்தைகளுக்குப் பரிசும் ஆச்சு.

டெக்கரேஷன்_தம்பி

ஒருமுறை செய்தோம். கிண்ணத்தில் போண்டாத் துண்டு போட்ட குழந்தைகள் எத்தனை தெரியுமா? சட்னி ஊற்றியவன் ஒருவன். எட்டு மணிக்குள் நாங்களே கிண்ணத்தை எல்லாம் தூக்கிவிட்டோம். வேண்டவே வேண்டாம்.

கோட்டை_அகழி

சரி சரி, வாபஸ்.

ஆரணி_மச்சான்

மாப்பிள்ளை ஊர்க்காரனாக ஒரு யோசனை. போன தையில் எங்கள் தெருக் கல்யாணத்தில் செய்தார்கள். மேசையில் உள்ள தம்பதிகளை எழுந்து நிற்கச் சொல்வது. ஒரு வருஷத்துக்குள் கல்யாணமானவர் உட்காருங்கள், ஐந்து வருஷம் உட்காருங்கள், பத்து, இருபது... கடைசியாக நிற்கும் ஜோடிக்கு அலங்காரம். 52 வருஷம் ஆன தாத்தா பாட்டி ஜெயித்தார்கள். மண்டபமே கை தட்டியது. கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது எனக்கு.

தொரப்பாடி_மகள்

ஆரணி அண்ணா, தவறாக நினைக்க வேண்டாம். இதே விளையாட்டு நடந்த ஒரு கல்யாணத்தில் நானும் அம்மாவும் இருந்தோம். அப்பா போய் மூன்று வருஷம்.

"தம்பதிகள் எழுந்திருங்க" என்றதும் மேசையில் ஆறு பேர் எழுந்தார்கள். அம்மாவும் நானும் உட்கார்ந்திருந்தோம். அம்மா என்ன செய்தார் தெரியுமா? டம்ளரில் மிச்சமிருந்த ஜூஸை எடுத்து, குடிக்காமல், உதட்டருகில் வைத்துக்கொண்டே இருந்தார். கை தட்டும்போது டம்ளரை வைத்துவிட்டுத் தட்டினார். யாரும் அவரைப் புண்படுத்த நினைக்கவில்லை, தெரியும். ஆனால் 34 வருஷம் குடும்பம் நடத்தியவர் அவர். கணக்குப் பார்த்தால் அந்த மேசையில் அவர்தான் ஜெயித்திருப்பார்.

ஜோடி, சுமங்கலி என்று எந்த விளையாட்டும் வேண்டாம் அக்கா. எல்லோரும் சேர்ந்துகொள்கிற மாதிரி ஏதாவது.

ஆரணி_மச்சான்

சத்தியமாக யோசிக்கவில்லை தங்கச்சி. அந்த யோசனையை விட்டுவிடுங்கள் அக்கா.

பெயர்_வேண்டாம்

அப்படியே நட்சத்திரத்தையும் விட்டுவிடுங்கள். எனக்கு மூலம். இருபத்தொன்பது வயது, வரன் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். ரிசப்ஷன் மேசையில் "மூலம் யாரு, கை தூக்குங்க" என்றால் நான் எழுந்து கை கழுவப் போய்விடுவேன். ஆயில்யம், கேட்டைக்காரிகள் எல்லோரையும் வாஷ்பேசினில் பார்க்கலாம்.

வாலாஜா_வாத்தியார்

நியாயம். எழுபது வயதில் பாடம் கற்கிறேன்.

சத்துவாச்சாரி_பாட்டி

பேரன் டைப் அடிக்கிறான், நான் சொல்கிறேன்.

நீங்களெல்லாம் எதற்கு இவ்வளவு கஷ்டப்படுகிறீர்கள்? எங்கள் காலத்தில் நலங்கில் தேங்காய் உருட்டுவோம், அப்பளம் உடைப்போம், குடத்துக்குள் மோதிரம் போட்டுத் தேடச் சொல்வோம். சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கும். பெண்ணும் மாப்பிள்ளையும் மட்டும் விளையாட வேண்டும் என்று யார் சொன்னது? மேசையில் இருப்பவர்கள் விளையாடட்டும்.

புளியங்கொட்டை ஒரு படி எடுத்துக் கழுவிக் காயவையுங்கள். மேசைக்கு ஒரு சின்னக் கிண்ணம். எட்டுப் பேரும் இரண்டிரண்டு பேராகத் திரும்பிக்கொள்ள வேண்டும். ஒருவர் கைக்குள் கொட்டையை மூடிக்கொண்டு, "ஒத்தையா ரெட்டையா?" என்று கேட்க வேண்டும். மற்றவர் சரியாகச் சொன்னால் அவர் நின்றார், தப்பாகச் சொன்னால் கேட்டவர் நின்றார். எட்டு நாலாகும், நாலு ரெண்டாகும், ரெண்டு ஒண்ணாகும். சோறு வேகும் நேரம்கூட ஆகாது. கலெக்டரும் விளையாடலாம், அஞ்சு வயசுப் பிள்ளையும் விளையாடலாம். தாலி இருக்கா, நட்சத்திரம் என்ன, படிச்சிருக்கியா, எதுவும் புளியங்கொட்டைக்குத் தேவையில்லை.

தோற்றவருக்குக் கை கொள்ளும் மட்டும் கற்கண்டு கொடுங்கள். வெறுங்கையோடு அனுப்பாதீர்கள்.

வெயிலூரான்

பாட்டி 🙏 இழையைப் பூட்டிவிடலாம்.

டெக்கரேஷன்_தம்பி

எட்டு நாற்காலி என்று அக்கா சொன்னது தோதாக அமைந்துவிட்டது. மூன்றே சுற்று. ஏழு பேர் இருந்தால் ஒருவருக்கு முதல் சுற்று சும்மா தாண்டும், அவ்வளவுதான். எல்லா மேசையிலும் ஒரே நேரத்தில் நடத்தாதீர்கள், அதுதான் முக்கியம். நிறைந்திருக்கும் மேசையாகப் பார்த்து உங்கள் வீட்டுப் பிள்ளை ஒருவர் போய் உட்கார்ந்து ஆரம்பிக்கட்டும். மைக் பக்கமே போக வேண்டாம்.

ஆம்பூர்_பாய்

சலாம். எங்கள் பக்கத்து வலிமாவில், அதான் கல்யாண விருந்தில், பிரியாணி வந்த பிறகு மேசை நடுவில் தங்கமே வைத்திருந்தாலும் ஒருத்தரும் பார்க்கமாட்டார். கத்தரிக்காய் எங்கே, தயிர் வெங்காயம் எங்கே என்றுதான் கேட்பார்கள்.

ஆனால் போன வருஷம் அணைக்கட்டுப் பக்கம் ஒரு நண்பர் வீட்டுக் கல்யாணத்தில் ஒன்று பார்த்தேன். மேசைக்கு ஒரு சின்ன மூங்கில் கூடை, அதில் பூவுக்குப் பதிலாக இலவம்பாடி முள் கத்தரிக்காய். அதான், 2023-இல் புவிசார் குறியீடு வாங்கியதே, அந்தக் காய். பளபளவென்று ஊதா, காம்பில் முள், நடுநடுவே கொஞ்சம் மல்லி. சாப்பிட்டு இறங்கும்போது ஆளுக்கு நாலு காய் என்று கூடையோடு காலி. கையில் முள் குத்தியது, யாரும் விடவில்லை. ஒருத்தருக்கும் சண்டை இல்லை, ஏனென்றால் பிரிக்க முடிகிற பொருள். ஒரே பொருளாக வைப்பதால்தான் யாருக்கு என்ற கேள்வி வருகிறது. ஆற்காட்டு மக்கன் பேடாவை அடுக்கி வைத்தாலும் இதே கணக்குதான், ஆனால் அது விழா முடியும் வரை மேசையில் இருக்காது.

குடியாத்தம்_தீக்குச்சி

பாய், ஆம்பூர் 2019-இலேயே திருப்பத்தூர் மாவட்டத்துக்குப் போய்விட்டது. வேலூர்க் கல்யாணத்தில் உங்களுக்கு ஓட்டு இல்லை 😄

ஆம்பூர்_பாய்

மாவட்டம் போகட்டும் தம்பி, பிரியாணி எங்கே போனது? சீரக சம்பா எத்தனை நிமிஷம் ஊறவேண்டும் என்று உங்கள் ஊரில் யாருக்காவது...

மட்டுறுத்துநர்

பிரியாணிக்குத் தனி இழை இருக்கிறது, அங்கேயே ஆயிரம் பதிவு தாண்டிவிட்டது. இங்கே மேசை.

ஏலகிரி_நாற்று

நர்சரி வைத்திருக்கிறேன், கல்யாணத்துக்குக் கன்று நிறைய போகிறது. சட்டியைப் பற்றி யாரும் பேசவில்லை, அதனால் நான் பேசுகிறேன்.

கடைசி நாளில் கன்றைச் சட்டிக்கு மாற்றாதீர்கள், வெயிலில் தலை தொங்கிவிடும். பத்து நாள் முன்னாலேயே மாற்றி நிழலில் வையுங்கள். அடி ஓட்டைமேல் ஒரு ஓட்டுச் சில்லு போட்டுவிட்டு மண் நிரப்புங்கள். ரிசப்ஷன் அன்று காலையில் தண்ணீர் ஊற்றினால் மாலையில் மேசைத் துணியில் செம்மண் வட்டம் விழும். முதல் நாள் சாயங்காலம் ஊற்றி அதோடு நிறுத்திவிடுங்கள், ஒரு நாளில் செடி சாகாது. மேல்மண் கொட்டாமல் இருக்கத் தேங்காய் நார்த்தூள் ஒரு பிடி அமுக்குங்கள். கொடுக்கும்போது தினத்தாள் ஒரு தாளை மூலைவாக்கில் மடித்துச் சட்டியைச் சுற்றிக் கட்டிவிட்டால் பட்டுப் புடவைக்கு ஒன்றும் ஆகாது.

அப்புறம் பை. கேரி பேக் 2019 ஜனவரியிலிருந்து தடை, தாம்பூலம் எப்படியும் மஞ்சப்பையில்தான் போகும். அதே பையில் செடியை இறக்கிவிடுகிறார்கள். பையில் தேங்காய் இருக்கிறது! பஸ் திரும்பும்போது தேங்காய் உருண்டு செடியை நசுக்கிவிடும். செடிக்குத் தனிப் பை கொடுங்கள், சட்டியின் அகலத்துக்கு அடி விரிகிற பை.

கடைசியாக, இருபது பேருக்குத்தான் சட்டி, மற்றவர்களுக்கு என்ன என்று கேட்டீர்கள். மணிபிளாண்ட் வையுங்கள். ஒரு தாய்க்கொடியிலிருந்து கணுக்கணுவாக வெட்டி, சின்ன பாட்டில் தண்ணீரில் போட்டால் இரண்டு மூன்று வாரத்தில் வேர் விட்டுவிடும், செலவே இல்லை. ஆனால் கொடுக்காதீர்கள். மணிபிளாண்டைத் திருடி வைத்தால்தான் வளரும் என்று நம் ஊரில் சொல்வார்களே? வாசல் பக்கம் ஒரு மேசையில் வைத்து, "இதைக் கேட்டு வாங்காதீர்கள், திருடிக்கொண்டு போங்கள். நாங்கள் பார்க்கவில்லை" என்று ஒரு அட்டை எழுதி வையுங்கள்.

காட்பாடி_அக்கா

நாற்று அண்ணா, இதைப் படித்து எங்கள் வீடே சிரித்துக்கொண்டிருக்கிறது. என் சித்தியை நினைத்துத் தங்கை விழுந்து விழுந்து சிரிக்கிறாள்.

முடிவு செய்துவிட்டோம். சட்டி இருபதுக்கும் புளியங்கொட்டை, வாசலில் 60 பாட்டில் மணிபிளாண்ட். கற்கண்டும் உண்டு பாட்டி. முடிந்ததும் வந்து சொல்கிறேன்.

காட்பாடி_அக்கா

*(ஐந்து வாரம் கழித்து)*

கல்யாணம் நல்லபடியாக முடிந்தது. சொன்னபடி எழுத வந்தேன், நீளமாக இருக்கும்.

மச்சினர், நாத்தனார், ஒன்றுவிட்ட தம்பிகள் என்று ஆறு பேரை மேசைகளுக்குப் பிரித்துவிட்டோம். முதல் மேசை ஏழேகாலுக்கு. யாருக்கும் ஒன்றும் புரியவில்லை, கிண்ணத்தில் இருப்பது மவுத் ஃப்ரெஷ்னர் என்று நினைத்து ஒரு மாமா இரண்டை வாயில் போட்டுக்கொண்டார். இரண்டாவது மேசையிலிருந்து சூடு பிடித்தது. "ஒத்தையா ரெட்டையா" சத்தம் கச்சேரிக்காரரைத் தாண்டிப் போனது. கோ-ஆப்டெக்ஸ் சேலையில் கம்பீரமாக உட்கார்ந்திருந்த அப்பாவின் மேலதிகாரி அம்மா, எதிரில் இருந்த எங்கள் பால்காரர் பையனிடம் தோற்றுவிட்டு, "கையைத் திறந்து காட்டு, நான் எண்ணணும்" என்று விடவில்லை. அவன் திறந்தான். ஏழு. "ஒன்றைக் கீழே போட்டுட்டான்" என்று மேசைக்கு அடியில் குனிந்து தேடினார். எடுத்த வீடியோவிலேயே இதுதான் நன்றாக வந்திருக்கிறது.

ஒன்பது மணிக்குள் 18 சட்டி போய்விட்டது. கற்கண்டு நடுவில் தீர்ந்துபோய் லாங் பஜாருக்கு ஆள் அனுப்பினோம், கடை மூடிவிட்டான். பாட்டி மன்னிக்கவும், கடைசி நாலு மேசைக்குத் தோற்றவர்களுக்கு மைசூர்பாகு.

தப்பு நடந்தது தினத்தாளில். சுற்றிக் கொடுக்க வேண்டிய தம்பி பாட்டுக் கேட்கப் போய்விட்டான். ஆரணிக்காரர் ஒருவர் சட்டியை அப்படியே மடியில் வைத்துக் காரில் போயிருக்கிறார், வெள்ளை வேட்டியில் செம்மண் வட்டம். மறுநாள் முகூர்த்தத்துக்கு அதே வட்டத்தோடு வந்து எல்லோரிடமும் காட்டினார், ஜெயித்ததற்கு அத்தாட்சியாம்.

மணிபிளாண்ட் அட்டையை முதல் அரை மணி நேரம் எல்லோரும் படித்தார்கள், சிரித்தார்கள், போட்டோ எடுத்தார்கள், ஒருவரும் தொடவில்லை. அப்புறம் ஒரு தாத்தா வந்தார். இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார், பாட்டிலை எடுத்து வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டு ஒன்றும் நடக்காத மாதிரி நடந்தார். தண்ணீர் சொட்டிக்கொண்டே போனது. அதன் பிறகு யாராலும் நிறுத்த முடியவில்லை. குழந்தைகள் திருடி அம்மாவிடம் கொடுத்தார்கள், அம்மாக்கள் கைப்பையில் தள்ளினார்கள், மண்டபத்து வாட்ச்மேன் முதுகைத் திருப்பிக்கொண்டு நின்று ஒத்தாசை செய்தார்.

தொரப்பாடி மகளுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் எதிர்வீட்டு அக்கா, வீட்டுக்காரர் இல்லாதவர், கல்யாண வீடுகளுக்கு வந்தால் பின்வரிசையில்தான் உட்காருவார். அவர் தன் மேசையில் மூன்று சுற்றும் ஜெயித்தார். மூன்றாவது சுற்றில் கையை மூடிக்கொண்டு சிரித்த சிரிப்பைப் பார்க்க வேண்டுமே. சட்டி இப்போது அவர் வாசல் படியில் இருக்கிறது.

ஒன்று மட்டும் நான் சரியாக யோசிக்கவில்லை. பத்தரைக்கு எல்லாம் முடிந்து பாத்திரம் தேய்க்கிற அம்மாக்கள் இரண்டு பேர் வாசல் மேசை பக்கம் நின்றார்கள். மூன்று பாட்டில் மிச்சம். "எடுத்துக்கோங்க அம்மா, திருடினாத்தான் வளருமாம்" என்று நானும் சிரித்துக்கொண்டே சொன்னேன். அவர்களில் பெரியவர் சிரிக்கவில்லை. "அதெல்லாம் உங்களுக்கு வெளையாட்டு கண்ணு. ஒரு கரண்டி காணோம்னா மொதல்ல எங்க பையத்தான் பிரிச்சுப் பாப்பாங்க. நீயே எடுத்துக் குடு" என்றார். நான் மூன்று பாட்டிலையும், ஜெயிக்க ஆளில்லாமல் மிஞ்சிய இரண்டு சட்டியையும் எடுத்துக் கையில் கொடுத்தேன். தினத்தாள் சுற்றி. மேனேஜரைக் கூப்பிட்டு, நாங்கள் கொடுத்தது என்று அவர் காதில் விழும்படி சொல்லிவிட்டும் வந்தேன்.

தொரப்பாடி_மகள்

எதிர்வீட்டு அக்கா பற்றி எழுதியதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். எங்கள் வீட்டுக்கும் இன்றைக்குப் புளி வாங்கி வந்தேன், கொட்டை எடுத்ததை.

திரும்பக் கொடுத்துவிட்டுக் கொட்டையோடு வாங்கி வர அம்மா சொல்லியிருக்கிறார்.

வெயிலூரான்

அதெல்லாம் இருக்கட்டும். சித்தி?

காட்பாடி_அக்கா

சித்தி நாலு பாட்டில் திருடினார், நானே எண்ணினேன். நேற்று குடும்ப வாட்ஸப் குழுவில் படம் போட்டிருக்கிறார். "என் கைராசி பாருங்க, புது இலை விட்டிருக்கு" என்று. நாலு கொடியையும் சேர்த்து ஒரே கண்ணாடி ஜாடியில் போட்டு டிவி ஸ்டாண்டில் வைத்திருக்கிறார். கீழேயிருந்து எடுத்த படம். ஜாடியின் அடியில் சிவப்புப் புள்ளி பளிச்சென்று தெரிகிறது.

டெக்கரேஷன்_தம்பி

அக்கா, ஜாடிக்குத்தான் 350 கட்டியாச்சுல்ல. விடுங்க.